மகள் தேடினால் நீங்கள் கிடைப்பீர்கள்

(எருமப்பட்டியில் நூலக வாசகர் வட்டக் கூட்டமொன்றில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



அழைப்பிதழில் ‘மரபணு அறிவியல்: ஓர் அறிமுகம்’ என்று போட்டிருக்கிறார்கள். அறிமுகம் பத்தாம் வகுப்புப் பாடப்புத்தகத்திலேயே இருக்கிறது. அந்த அறிவியலால் செய்யக்கூடிய ஒரு வேலை நம் பக்கத்தில் செய்யப்படாமல் கிடக்கிறது. இன்றைக்கு அதைப் பேசலாம் என்று வந்திருக்கிறேன்.

1992-இல் தொட்டில் குழந்தைத் திட்டத்தை அன்றைய முதலமைச்சர் ஜெயலலிதா சேலம் மாவட்டத்தில் தொடங்கினார். நாமக்கல் அப்போது தனி மாவட்டம் கிடையாது. 1997 ஜனவரியில்தான் பிரிந்தது. ஆகவே எருமப்பட்டியும் சேந்தமங்கலமும் கொல்லிமலையும் அந்தத் திட்டத்தின் முதல் எல்லைக்குள் இருந்தவை. ஏன் சேலத்தில் தொடங்கினார்கள் என்று இங்கிருக்கும் வயசாளிகளுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. இளையவர்களுக்காக ஓர் எண் மட்டும். 2001 கணக்கெடுப்பில் சேலம் மாவட்டத்தில் ஆறு வயதுக்கு உட்பட்ட ஆண் பிள்ளைகள் 1000 பேருக்குப் பெண் பிள்ளைகள் 851 பேர். மிச்சப் பெண்கள் எங்கே போனார்கள் என்பதற்குப் பாதி விடை ஸ்கேன் சென்டரில் இருந்தது, பாதி விடை வீட்டுக் கொல்லையில் இருந்தது.

திட்டம் எளிமையானது. அரசு மருத்துவமனையிலும் ஆரம்ப சுகாதார நிலையத்திலும் காப்பகத்திலும் ஒரு தொட்டில் வைத்தார்கள். பெண் பிள்ளை வேண்டாம் என்று வீடு முடிவு செய்துவிட்டதா? கொல்லாதே, இங்கே கொண்டுவந்து போடு. யார் நீ, எந்த ஊர் என்று கேட்க மாட்டோம். பிள்ளையைக் கைகழுவிவிட அரசாங்கமே வழி சொல்லிக் கொடுக்கிறது என்று அப்போது பெண்கள் அமைப்புகள் கோபப்பட்டன. அந்தக் கோபத்தில் நியாயம் உண்டு. ஆனால் அந்தத் தொட்டிலால் உயிர் பிழைத்து, இன்று முப்பதைத் தாண்டி, எங்கோ தன் பிள்ளையைப் பள்ளிக்கூடத்துக்கு அனுப்பிக்கொண்டிருக்கிற பெண்ணை நினைத்தால், எனக்கு அந்தத் திட்டத்தைத் திட்ட மனம் வருவதில்லை.

நான் பேச வந்தது, தொட்டிலில் போட்டுவிட்டுத் திரும்பி நடந்த பெண்ணைப் பற்றி. அன்று அவளுக்கு இருபதோ இருபத்தைந்தோ. இன்று ஐம்பதைத் தாண்டியிருப்பாள். மூன்றாவதும் பெண்ணாகப் பிறந்ததும் முடிவு செய்தது மாமியாரும் புருஷனும். தூக்கிக்கொண்டு போனது யாராக வேண்டுமானாலும் இருக்கலாம். பால் கட்டிக்கொண்டு வலித்தது அவளுக்கு. செத்த பிள்ளைக்கு நம்மிடம் சடங்கு இருக்கிறது; குழி தோண்டுகிறோம், பால் தெளிக்கிறோம், ஊர் வந்து உட்கார்ந்துவிட்டுப் போகிறது. உயிரோடு எங்கோ இருக்கிற பிள்ளையை நினைத்து அழுவதற்கு யாரும் நாள் குறித்துத் தரவில்லை. அழுதாலும், ‘நீதானே கொண்டுபோய்ப் போட்டே’ என்று ஒரு வாய் தயாராக இருக்கும்.

‘பெயர் கேட்க மாட்டோம்’ என்ற வாக்குத்தான் பிள்ளையைக் காப்பாற்றியது. அதே வாக்கால்தான் பின்னாளில் தாயையும் மகளையும் சேர்த்துவைக்க ஒரு துண்டுக் காகிதமும் இல்லாமல் போனது. பதிவேட்டில் தேதி இருக்கும், எடை இருக்கும், தாய் பெயருக்கு நேரே வெற்றிடம் இருக்கும். காகிதம் இல்லாத இடத்தில் மிஞ்சுவது உடம்பு. இங்கேதான் அறிவியல் உள்ளே வருகிறது.

1984 செப்டம்பர் 10, திங்கட்கிழமை காலை. இங்கிலாந்தின் லெஸ்டர் பல்கலைக்கழகத்தில் அலெக் ஜெஃப்ரீஸ் என்பவர் ஓர் எக்ஸ்ரே பிலிமை இருட்டறையிலிருந்து எடுத்துப் பார்க்கிறார். வரி வரியாகக் கோடுகள். ஆளுக்கு ஆள் வேறு; ஆனால் பிள்ளையின் கோடுகள் முழுக்க அப்பா, அம்மாவிடமிருந்து வந்தவை. டி.என்.ஏ. கைரேகை என்று நாம் சொல்வது இதுதான். சினிமா பார்த்துப் பார்த்து, இது கொலைகாரனைப் பிடிக்க வந்த வித்தை என்று நினைத்துக்கொண்டிருக்கிறோம். அந்த வித்தை முதன்முதலாகத் தீர்த்துவைத்த வழக்கு ஒரு தாய்க்கும் மகனுக்கும் உரியது. 1985-இல் கானாவிலிருந்து லண்டனுக்குத் திரும்பிவந்த ஒரு பையனைக் குடியேற்ற அதிகாரிகள் தடுத்து நிறுத்தினார்கள். ‘இவன் உன் மகன் இல்லை, உன் கூடப்பிறந்தவளின் மகனாக இருக்கும்’ என்று தாயிடம் சொன்னார்கள். தகப்பன் கைக்குக் கிடைக்கவில்லை. ஜெஃப்ரீஸ் தாயின் ரத்தத்தையும் அவளுடைய மற்ற மூன்று பிள்ளைகளின் ரத்தத்தையும் எடுத்துப் பார்த்து, இவன் இவள் பெற்ற பிள்ளையே என்று காட்டினார். கொலை வழக்கெல்லாம் அதற்குப் பிறகுதான்.

நம் நாட்டில் இதைச் சொந்தமாகச் செய்துகாட்டியவர் ஐதராபாத் சி.சி.எம்.பி. ஆய்வகத்தின் லால்ஜி சிங். அவர் பயன்படுத்திய மரபணுத் துண்டு கட்டுவிரியன் இனப் பாம்பிலிருந்து கிடைத்தது. தோட்டத்தில் பாம்பைக் கண்டால் கட்டையைத் தேடுகிற நமக்கு இது ஒரு சின்னச் செய்தி! 1989-இல் கேரளத்துத் தலச்சேரியில், தகப்பன் மறுத்த பிள்ளைக்கு அவன்தான் தகப்பன் என்று நிறுவ அந்தச் சோதனை நீதிமன்றத்துக்குப் போனது.

இன்றைய சோதனை எப்படி நடக்கிறது? நம் மரபணுவில் சில இடங்களில் ஒரே எழுத்துக் கோவை திரும்பத் திரும்ப வரும். எத்தனை முறை வருகிறது என்று எண்ணுகிறார்கள். ஓரிடத்தில் தாய்க்கு 14, 17 என்று இருக்கிறது, பிள்ளைக்கு 17, 21 என்று வைத்துக்கொள்வோம். அந்த 17 தாயிடமிருந்து வந்திருக்கலாம், 21 தகப்பனுடையது. ஓரிடத்தில் பொருந்துவது தற்செயலாக நடக்கும். 20 இடங்களிலும் பொருந்திவிட்டால் தற்செயலுக்கு அநேகமாக இடமில்லை.

‘அநேகமாக’ என்று நான் இழுப்பதற்குக் காரணம் நம் ஊர்தான். நம் பக்கத்தில் மாமன் மகளைக் கட்டுகிறோம், அத்தை மகனைக் கட்டுகிறோம், அக்கா மகளைக் கட்டின தாத்தாமார் இந்தக் கூட்டத்திலேயே இருப்பார்கள். சிரிக்க வேண்டாம், இது ஆய்வகத்தில் நிஜமான சிக்கல். சித்திக்கும் பிள்ளைக்கும் பொதுவாகக் கால் பங்கு பொருந்த வேண்டும். தலைமுறை தலைமுறையாகச் சொந்தத்துக்குள்ளேயே கொண்டும் கொடுத்தும் வந்தால் அந்தக் கால் பங்கு கூடிப்போகிறது. 2017-இல் சி.சி.எம்.பி.யின் தங்கராஜும் ஹார்வர்டின் டேவிட் ரீக்கும் சேர்ந்த குழு ஒன்று தெற்காசியாவின் 260-க்கும் மேற்பட்ட சமூகங்களைச் சோதித்தது. அவற்றில் 81 சமூகங்கள், மரபணு நெருக்கத்துக்குப் பேர்போன பின்லாந்துக்காரர்களையும் மிஞ்சி நின்றன. வெளிநாட்டில் வளர்ந்த ஒரு தத்துப் பிள்ளை எச்சிலைக் குப்பியில் துப்பி வணிக நிறுவனத்துக்கு அனுப்பினால், ‘நெருங்கிய உறவு’ என்று ஒருவர் பெயர் வரும். தேடிப் போனால், அவர் நாலு தலைமுறைக்கு முன் பிரிந்த பங்காளியாக இருப்பார். கானாத் தாயிடம் கேட்ட அதே கேள்வி, தாயா சித்தியா என்பது, இங்கே இன்னும் சிடுக்கானது. கூடுதல் இடங்களைப் பார்த்தால் சிடுக்கை அவிழ்க்கலாம். ஆனால் ஒப்பிட்டுப் பார்க்கத் தாயின் மாதிரி கையில் இருக்க வேண்டும். அது இல்லாமல் எந்த இயந்திரமும் உதவாது.

தாயும் கையில், பிள்ளையும் கையில் என்றால் வேலை எவ்வளவு சுலபம் என்பதற்குக் கல்முனையைச் சொல்லலாம். 2004 டிசம்பர் 26, சுனாமி. இலங்கையின் கிழக்குக் கரையில் ஒரு கைக்குழந்தை சேற்றிலிருந்து உயிரோடு மீட்கப்பட்டு, கல்முனை மருத்துவமனைக்கு வந்தது. அன்று சேர்க்கப்பட்டவர்களில் 81-ஆவது ஆள் என்பதால் ‘குழந்தை 81’ என்றே உலகம் அழைத்தது. ஒன்பது தம்பதியர் உரிமை கேட்கிறார்கள் என்று பத்திரிகைகள் எழுதித் தள்ளின. நீதிமன்றத்துக்கு முறைப்படி வந்தது ஒரே ஒரு தமிழ்த் தம்பதிதான். பிள்ளையைத் தூக்கிக்கொண்டு போக மருத்துவமனைக்குள் புகுந்ததற்காக அவர்களையே கைதும் செய்தார்கள். கடைசியில் டி.என்.ஏ. முடிவு வந்தது, 2005 பிப்ரவரியில் பிள்ளை தாயின் கைக்குப் போனது. கைக்குழந்தைக்கு மறுக்கத் தெரியாது என்பதையும் சேர்த்துக்கொள்ளுங்கள்.

வளர்ந்த பிள்ளையின் கதை வேறு. சென்னை புளியந்தோப்பில் 1999-இல், வீட்டு வாசலில் அம்மா அருகே தூங்கிய ஆண் குழந்தை திருடுபோனது. சில வருஷம் கழித்து, ஒரு தத்து நிறுவனத்தின் மோசடி அம்பலமானபோது, அவன் நெதர்லாந்தில் வளர்கிறான் என்ற தடயம் கிடைத்தது. கூலி வேலை செய்த தாயும் தகப்பனும் 2010-இல் அந்த நாட்டுக்கே போய் நீதிமன்றத்தில் நின்றார்கள். அவர்கள் கேட்டது மரபணுச் சோதனை. பையனுக்கு அப்போது பன்னிரண்டு வயது இருக்கும். அவன் தயாராக இல்லை. அவனைக் கட்டாயப்படுத்த நீதிமன்றம் மறுத்துவிட்டது. அந்தத் தாயின் இடத்தில் நின்று பார்த்தால் தீர்ப்பு நெஞ்சைப் பிளக்கிறது. அந்தப் பையனின் இடத்தில் நின்று பார்த்தால், நானும் அதைத்தான் கேட்டிருப்பேன்.

வில்லிபாரதம் கேட்டவர்களுக்கு ஒரு கட்டம் நினைவிருக்கும். நான்தான் உன் தாய் என்று சொல்லிக்கொண்டு கர்ணனிடம் பல பெண்கள் வந்தார்களாம். அவனிடம் ஒரு துகில் இருந்தது; பொய் சொன்னவள் அதை உடுத்தினால் எரிந்துபோவாள். குந்தி உடுத்தினாள், ஒன்றும் ஆகவில்லை. இதைவிடத் திட்டவட்டமான சோதனை முடிவு உண்டா? ஆனாலும் கர்ணன் அவளோடு போகவில்லை. வளர்த்த இடத்தை விடமாட்டேன் என்றான். களத்தில் நான் விழும்போது வந்து, எல்லாரும் பார்க்க என்னை மகன் என்று சொல்லி அழு என்று மட்டும் கேட்டுக்கொண்டான். சோதனை முடிந்த இடத்தில் பிள்ளையின் விருப்பம் தொடங்குகிறது. நாம் எந்த ஏற்பாட்டைச் செய்தாலும் இதை மனதில் வைத்துத்தான் செய்ய வேண்டும்.

அப்படி ஓர் ஏற்பாட்டைச் செய்துகாட்டியவர்கள் அர்ஜென்டினாவின் பாட்டிமார்கள். 1976 முதல் 1983 வரை அங்கே ராணுவ ஆட்சி. கர்ப்பிணிப் பெண்களைப் பிடித்துக்கொண்டு போய், பிள்ளை பிறந்ததும் தாயைக் கொன்றுவிட்டு, பிள்ளையை ராணுவத்துக்கு வேண்டிய குடும்பங்களில் கொடுத்துவிட்டார்கள். இப்படிப் போன பிள்ளைகள் சுமார் 500 பேர் என்று பாட்டிமார்கள் சொல்கிறார்கள். 1977-இல் அவர்கள் ஒன்றுகூடினார்கள். ‘மகளும் இல்லை, மருமகனும் இல்லை. எங்கள் ரத்தத்தை வைத்தே பேரப்பிள்ளையை அடையாளம் சொல்ல முடியுமா?’ இந்தக் கேள்வியை எடுத்துக்கொண்டு அமெரிக்கா வரை போனார்கள். மேரி கிளேர் கிங் என்ற மரபியலாளர் 1984-இல் அர்ஜென்டினா போய், பாட்டி தாத்தாவை வைத்து உறவை நிறுவும் கணக்கை அங்கே நடைமுறைக்குக் கொண்டுவந்தார். அந்த வருஷமே ஒரு சிறுமி பாட்டியிடம் வந்தாள். பின்னர் மைட்டோகாண்டிரியா டி.என்.ஏ. கைகொடுத்தது. அது தாய்வழியாக மட்டும் இறங்குவது. பாட்டி, தாய், பேத்தி மூவருக்கும் ஒன்றே.

நாம் கவனிக்க வேண்டியது 1987-இல் அங்கே போட்ட சட்டத்தை. பாட்டிமார்களின் ரத்த மாதிரிகளைப் பாதுகாக்க அரசே ஒரு தேசிய மரபணு வங்கி தொடங்கியது. 2050 வரை அது இயங்க வேண்டும் என்று எழுதிவைத்தார்கள். பாட்டிமார்கள் செத்துப்போவார்கள், பேரப்பிள்ளைக்கு எந்த வயதில் சந்தேகம் வரும் என்று சொல்ல முடியாது என்று அந்தக் கிழவிகளுக்குத் தெரிந்திருந்தது. எஸ்டெலா தெ கார்லொட்டோ என்ற பாட்டியின் மகள் 1978-இல் ராணுவத்தின் பிடியில் பிள்ளை பெற்றாள், இரண்டு மாதத்தில் கொல்லப்பட்டாள். பிள்ளைக்கு அவள் வைத்த கீதோ என்ற பெயரைச் சொல்லியே பாட்டி பேரனைத் தேடினார். 2014-இல் இசைக்கலைஞர் ஒருவர் தன் பிறப்பில் சந்தேகம் வந்து, தானாகவே போய் ரத்தம் கொடுத்தார். பொருந்தியது. பாட்டிமார்கள் கண்டுபிடித்த 114-ஆவது பேரப்பிள்ளை அவர். வயது 36. இக்னாசியோ என்று வளர்ந்த பெயரையே வைத்துக்கொண்டார். பின்னால் கார்லொட்டோ என்று சேர்த்துக்கொண்டார். 2025 வரை 140 பேர் கிடைத்திருக்கிறார்கள்.

நம்மிடம் என்ன இருக்கிறது? மரபணுத் தொழில்நுட்பத்துக்கு ஒரு மசோதா 2019-இல் நாடாளுமன்றத்துக்கு வந்தது. காணாமல் போனவர்களுக்குத் தனிப் பட்டியல் என்ற நல்ல யோசனை அதில் இருந்தது. குற்றவாளி, சந்தேக நபர் என்று போலீசுக்கு வேண்டியவைதான் கூடுதலாக இருந்தன. 2023-இல் அதைத் திரும்பப் பெற்றுவிட்டார்கள். தத்து விதிகளில் ‘வேர்த்தேடல்’ என்று ஒரு பிரிவு உண்டு. தத்துப் போன பிள்ளை 18 வயதுக்குப் பிறகு தன் பிறப்பைத் தேடலாம். பெற்றவள் தேடுவதற்கு அதில் வழி கிடையாது. இன்றைக்கு ஒரு தாய் குழந்தைகள் நலக் குழுவின் முன்னால் முறைப்படி பிள்ளையை ஒப்படைத்தால், மனம் மாற 60 நாள் அவகாசம். அதற்குப் பிறகு கதவு அடைபடுகிறது.

கதவு அடைபடுவதில் தப்பில்லை. வளர்க்கிற வீட்டுக்கு நிம்மதி வேண்டும், பிள்ளைக்கு நிலைத்த வீடு வேண்டும். நான் கேட்பது வேறு. பெற்றவள் தன் அடையாளத்தை ஓரிடத்தில் வைத்துவிட்டுப் போக வழி வேண்டும். இந்தப் பேச்சை ஒரு மகளிர் குழுக் கூட்டத்தில் எடுத்தபோது, எல்லாரும் எழுந்து போனபிறகு ஓர் அம்மா தனியாக வந்து கேட்டார்: “ஏனுங்க, எச்சியக் குடுத்தா புள்ள கெடச்சிருமுங்களா?” நான் சொன்னேன்: “அப்படிச் சொல்ல முடியாதுங்கம்மா. உங்க மக தேடுனா, நீங்க கெடைப்பீங்க.” கொஞ்ச நேரம் யோசித்துவிட்டு, “அது போதுங்க” என்றார். யாருடைய பிள்ளை என்று அவர் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை.

செய்முறை அப்படியொன்றும் பெரிய காரியம் இல்லை. வெற்றிலை போடுகிறவர் என்றால் வாயை நன்றாகக் கொப்பளிக்க வேண்டும். பஞ்சுக்குச்சியைக் கன்னத்தின் உட்புறம் வைத்து அரை நிமிஷம் உருட்டித் தேய்க்க வேண்டும். காற்றாட உலரவிட்டுக் காகித உறையில் போட வேண்டும். பிளாஸ்டிக் பையில் போட்டால் ஈரம் நின்று பூஞ்சை பிடித்து மாதிரி வீணாகிவிடும். இதற்கென்றே உள்ள அட்டையில் ஏற்றிவிட்டால், குளிர்பெட்டி இல்லாமலே பல வருஷம் கெடாது. இரண்டு குச்சி எடுத்து, ஒன்றை வாசித்து எண்களைப் பதிந்துகொண்டு, மற்றதைப் பத்திரப்படுத்தலாம். எருமப்பட்டி செவிலியர் ஒருவருக்கு அரை மணி நேரத்தில் இதைச் சொல்லிக்கொடுத்துவிடலாம்.

கஷ்டம் இதைக் காப்பதில் இருக்கிறது. கலியாணத்துக்கு முன்னால் பெற்றவள் இருப்பாள், புருஷனுக்குத் தெரியாமல் வருகிறவள் இருப்பாள். வீட்டு முகவரிக்கு ஒரு கடிதம் போனாலும் அவள் குடும்பம் நாறிவிடும். எனவே பெயர் வேறிடத்தில், மாதிரி வேறிடத்தில். போலீஸ் இதைத் தொடக்கூடாது என்று சட்டமே சொல்ல வேண்டும். இல்லையென்றால் அன்று அரசு கொடுத்த வாக்கை அரசே மீறினதாகிவிடும். மகள் தானாக வந்து மாதிரி கொடுத்து, பொருந்தி, இரண்டு பேரும் சம்மதித்த பிறகுதான் ஒருவர் பெயர் இன்னொருவருக்குப் போக வேண்டும். வேண்டாம் என்று எந்த நாளும் மாற்றிச் சொல்ல இருவருக்கும் உரிமை வேண்டும். தகப்பன்மாருக்கும் இடம் வேண்டும். ‘அன்னைக்கு நான் ஒரு வார்த்தை எதிர்த்துப் பேசியிருந்தா’ என்று பேரப்பிள்ளைகளுக்கு நடுவில் மருகுகிற கிழவர்களும் இருக்கிறார்கள்.

காகிதத்தையே நம்பிக்கொண்டிருக்கலாமே என்பவர்களுக்கு இரண்டு செய்தி. இலங்கையிலிருந்து வெளிநாடுகளுக்குத் தத்துப் போன பிள்ளைகள் சுமார் 11,000 பேர். அவர்களில் பலருடைய ஆவணத்தில் தாயாகக் கையெழுத்திட்டவள் கூலிக்கு நடிக்க வந்தவள். முப்பது வருஷம் கழித்துத் தேடிவந்து, கட்டிப்பிடித்து அழுது, சோதனை செய்து பார்த்தால் ஒட்டும் இல்லை, உறவும் இல்லை. குழந்தைப் பண்ணைகள் இருந்ததை 2017-இல் அந்நாட்டு அமைச்சரே ஒத்துக்கொண்டு, மரபணு வங்கி அமைப்போம் என்றார். அடுத்தது நம் ராசிபுரம். 2019 ஏப்ரலில் ஓர் ஒலிப்பதிவு வெளியானது நினைவிருக்கும்: ஆண் பிள்ளைக்கு ஒரு விலை, பெண் பிள்ளைக்கு ஒரு விலை, பிறப்புச் சான்றிதழுக்குத் தனி விலை. கொல்லிமலையின் ஏழைத் தாய்மார்களிடம் பிள்ளை வாங்கியதாகக் கைதுகள் நடந்தன, சி.பி.சி.ஐ.டி. விசாரித்தது. அந்தச் சான்றிதழ்களில் யார் பெயர் தாயாக இருக்கும்? வாங்கியவள் பெயர். அந்தப் பிள்ளைகள் நாளைக்கு எந்த அலுவலகத்தில் எந்தப் பதிவேட்டைப் புரட்டினாலும் கொல்லிமலை என்ற சொல்லே இருக்காது.

கடைசியாக, தத்து எடுத்து வளர்க்கும் வீட்டார் இங்கே யாராவது இருந்தால் அவர்களுக்கு. தொட்டில் பிள்ளைகள் பலரும் கப்பலேறிப் போகவில்லை. இங்கேயே, நாலு ஊர் தள்ளி வளர்ந்தவர்கள் இருக்கிறார்கள். அவர்களில் எத்தனை பேருக்குச் சொல்லியிருக்கிறோம்? இப்போது ஆளாளுக்கு ஆன்லைனில் மரபணுச் சோதனைப் பெட்டி வாங்குகிறார்கள், பரம்பரை நோய் இருக்கிறதா என்று பார்க்க. வீட்டில் இரண்டு பேர் சோதித்தால் போதும், உண்மை தானாக வெளியே வந்துவிடும். ஒரு பெண் தன் முப்பதாவது வயதில் செல்போன் திரையில் இதைப் படிக்க நேர்ந்தால், பெற்றவளும் வளர்த்தவளும் சேர்ந்து ஏமாற்றியதாக நினைப்பாள். சிறு வயதிலேயே, கதை சொல்வதுபோல, நீங்களே சொல்லிவிடுங்கள். சொன்னால் விட்டுவிட்டுப் போய்விடுவாளோ என்று பயப்படுகிறீர்கள். கர்ணனே போகவில்லையே!

பேச்சு நீண்டுவிட்டது. கேள்விகள் இருக்கும். துறையூர் பஸ் பிடிக்க வேண்டியவர்கள் முன்னால் வந்து முதலில் கேளுங்கள், உள்ளூர்க்காரர்களுக்கு நிதானமாகப் பதில் சொல்கிறேன்.